நாலாம் தண்ணி

மங்கலம்,
9 பிப்ரவரி 2025

அன்புள்ள நங்கையாவுக்கு,

சித்ராதேவி எழுதுகிறேன். இங்கே அவர், மகள் நித்யஸ்ரீ, அத்தை, நான் நால்வரும் சுகமாக இருக்கிறோம். லூதியானாக் குளிரில் நீங்களும் அண்ணனும் எப்படி இருக்கிறீர்கள்? அண்ணனுக்கு அந்த வறட்டு இருமல் விட்டதா?

தபாலில் என் கையெழுத்தைப் பார்த்ததும் யாருக்கு என்ன ஆச்சோ என்று பயந்திருப்பீர்கள். ஒன்றும் ஆகவில்லை. போன திங்கட்கிழமை கோயமுத்தூரில் கண்ணுக்கு லேசர் வைத்துக்கொண்டேன். மூன்றாம் வகுப்பிலிருந்து என் மூக்கின் மேல் குடியிருந்த சோடாபுட்டியைக் காலி செய்தாயிற்று. வலியே இல்லை. அயர்ன்காரர் பனியனைத் தீய்த்துவிட்ட மாதிரி ஒரு வாசம் வந்தது, அவ்வளவுதான். எழுந்து உட்கார்ந்தால் சுவரில் மாட்டியிருந்த கடிகாரத்தின் சின்ன முள் தெரிந்தது. அங்கேயே அழுதுவிட்டேன். அழவும் கூடாதாம், நர்ஸ் திட்டினாள்.

டாக்டரம்மா நிறையக் கட்டளை போட்டிருக்கிறார். கண்ணைக் கசக்கக் கூடாது. தூங்கும்போது பிளாஸ்டிக் மூடி போட்டுக்கொள்ள வேண்டும். பத்து நாளைக்குத் தலைக்கு ஊற்றக் கூடாது. ஒரு மாதம் நீச்சல் குளத்துப் பக்கம் போகக் கூடாது. கிணறு, வாய்க்கால் எல்லாம் அதற்கும் பிறகு, அவரைக் கேட்டுவிட்டுத்தான். போனும் டிவியும் கொஞ்ச நாளைக்கு வேண்டாம் என்றார். காகிதத்தைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை. அதனால்தான் இந்தக் கடிதம்.

இந்த வயதில் இதெல்லாம் எதற்கு என்று அண்ணன் கேட்பார். பனியன் கம்பெனியில் செக்கிங் மேசையில் நாள் முழுக்கக் குனிந்து துணியில் ஓட்டையும் ஊசிக்கோடும் பார்ப்பவள் நான். என் கண்தான் என் சோறு. அது ஒரு காரணம். இன்னொரு காரணம் உங்களுக்கு மட்டும். அவிநாசி ரோட்டில் நீச்சல் குளம் திறந்திருக்கிறார்கள். ஞாயிறு காலை பெண்களுக்கு. நம் கம்பெனியில் கழித்துப்போட்ட செகண்ட்ஸ் டீ-சர்ட்டைப் போட்டுக்கொண்டு போய்விடுவேன். கண்ணாடியைக் கழற்றிவிட்டு நீந்தினால் எதிர்ச்சுவர் எங்கே என்று தெரியாமல், போன மாதம் முட்டி நெற்றி புடைத்துவிட்டது. அவிநாசிபாளையத்து எங்கள் கிணற்றிலும் அதே கதைதானே. நீங்கள் ஒவ்வொரு தடவையும் முதலில் போய்ச் சுவரைத் தொட்டீர்கள். எனக்குச் சுவரே தெரியாதபோது எப்படி ஜெயிப்பது?

சித்திரைத் தேருக்கு நீங்கள் வரும்போது குளத்தில் ஒரு பந்தயம். இந்தத் தடவை எனக்குச் சுவர் தெரியும்.

அண்ணனைக் கேட்டதாகச் சொல்லுங்கள்.

உங்கள் நாத்தனார்,
சித்ரா

*

லூதியானா,
18 பிப்ரவரி 2025

சித்ரா கண்ணு,

உன் கடிதம் கிடைத்தது. நானும் உன் அண்ணனும் நன்றாக இருக்கிறோம். இருமல் விட்டது. அவர் கடைசியாகக் குளித்தது எப்போது என்று மட்டும் கேட்காதே. இங்கே குழாயைத் திறந்தால் தண்ணீர் கையைக் கடிக்கிறது. ஸ்வெட்டர் கம்பெனி நிட்டிங் மாஸ்டர் பெண்டாட்டி என்று பெயர், எனக்கே இரண்டு ஸ்வெட்டர் போதவில்லை.

உனக்குக் கண் தெளிந்தது எனக்கு எவ்வளவு சந்தோஷம் தெரியுமா? ஐந்தாவது படிக்கும்போது பம்புசெட் பக்கத்தில் உன் கண்ணாடியை மிதித்து உடைத்தது நான்தான். நீ தடவித் தடவி என் கையைப் பிடித்துக்கொண்டு வீடு வந்தது இப்போதும் ஞாபகம் இருக்கிறது.

ஆனால் உன்னை எனக்குத் தெரியும். காமாலை வந்தபோது எண்ணெய்ப் பலகாரம் தொடாதே என்று வைத்தியர் சொன்னார். நீ வடையைக் காகிதத்தில் வைத்துப் பிழிந்து, எண்ணெய் போய்விட்டது என்று தின்றவள். இப்போது போன் கூடாதென்றால் கடிதம். டாக்டரம்மா சொன்னது கண்ணுக்கு ஓய்வு கொடு என்று. அதில் காகிதமும் சேரும், காகிதத்தின் மேல் குனிந்திருக்கும் நீயும் சேர்த்தி.

தண்ணீர் விஷயத்தில் இந்த வடைக் கணக்குப் போடாதே. ஒரு மாதம் என்றால் ஒரு மாதம். கேட்டுவிட்டு என்றால் கேட்டுவிட்டு. பந்தயத்துக்கு நான் தயார். ஐந்து வருஷமாகத் தண்ணீரில் இறங்காத என்னை ஜெயித்துப் பெருமை பேசப் போகிறாய், பேசிக்கொள்.

உன் மாமியாரைக் கேட்டதாகச் சொல். உனக்கு அவர் என்ன பத்தியம் போட்டுக்கொண்டிருக்கிறாரோ!

அன்புடன் உன் நங்கையா,
சுப்புலட்சுமி

*

மங்கலம்,
24 பிப்ரவரி 2025

அன்புள்ள நங்கையாவுக்கு,

எல்லோரும் சுகம். உங்கள் திட்டும் சுகமாக வந்து சேர்ந்தது.

வேலைக்குப் போக ஆரம்பித்துவிட்டேன். துணி மேசைக்கு வருவதற்கு முன்பே, இரண்டடி தள்ளியே ஓட்டை எனக்குத் தெரிகிறது. பக்கத்து மேசை மயிலாள், "அக்கா, கண்ணுல லென்ஸ் ஏதும் வெச்சுட்டீங்களா" என்று கேட்டாள். பஸ் போர்டைப் படித்துவிட்டு ஏறுகிறேன். இத்தனை வருஷமாக நிறத்தைப் பார்த்து ஏறி, நாலு தடவை பல்லடம் போய்விட்டு வந்தவள் நான். மரத்தில் இலை இலையாகத் தெரிகிறது. இதையெல்லாம் நீங்கள் பிறந்ததிலிருந்து சும்மா பார்த்துக்கொண்டிருக்கிறீர்களே, ஒரு வார்த்தை சொன்னீர்களா?

பத்தியம் கேட்டீர்கள். அத்தைக்கு எந்த நோவும் ஒன்று காய்ச்சல், இல்லையென்றால் அம்மை. மருந்து விட்டுக்கொண்டு இருட்டறையில் படுத்திருந்ததால் என்னை அம்மைக்கணக்கில் சேர்த்துவிட்டார். தனிப் பாய், தனித் தட்டு, நிலைப்படியில் வேப்பங்கொத்து. காரம் கிடையாது, தாளித்த வாசம்கூட என் பக்கம் வரக் கூடாது. தலைக்கு ஊற்றலாம் என்று டாக்டரம்மா சொன்ன கெடு முடிந்ததும் வெள்ளிக்கிழமை பார்த்து முதல் தண்ணி ஊற்றினார். வேப்பிலையும் மஞ்சளும் போட்டு வெயிலில் வைத்த தண்ணீர். என்னை அண்ணாந்து உட்காரவைத்து, நெற்றியில் தன் கையை அணையாகக் கொடுத்து, ஒரு சொட்டும் கண்ணுக்கு இறங்காமல் ஊற்றினார். என் அம்மாகூட எனக்கு அப்படி ஊற்றியதில்லை. போன வெள்ளி இரண்டாம் தண்ணி ஆயிற்று. இந்த வெள்ளி மூன்றாம் தண்ணி.

உங்களுக்குத் தெரியாததா. அம்மை கண்டவருக்கு மூணு தண்ணி ஊத்தியாச்சு என்றால் அதோடு எல்லாம் முடிந்தது. அப்புறம் கோயிலுக்குப் போகலாம், கறி தின்னலாம், யாரோடும் பழகலாம். "மூணாந் தண்ணி ஊத்திப்போட்டா உனக்கு ஒரு தடையுமில்ல கண்ணு" என்கிறார் அத்தை. கேட்கவே நன்றாக இருக்கிறது.

ஞாயிற்றுக்கிழமை பெரியப்பா மகன் வேல்குமார் அண்ணன் மகளுக்கு அவிநாசிபாளையத்தில் காதுகுத்து. நாங்கள் எல்லோரும் போகிறோம். உங்களைப் பற்றி அங்கே எல்லோரும் கேட்பார்கள்.

நலம் வேண்டும்,
சித்ரா

*

மங்கலம்,
5 மார்ச் 2025

அன்புள்ள நங்கையாவுக்கு,

சுகம்தானே? இங்கே சுகம்.

காதுகுத்து நன்றாக நடந்தது. பந்தலில் சொந்தபந்தம் அத்தனை பேரும் என் கண்ணைத்தான் பார்த்தார்கள். பிள்ளை காதைப் பார்க்க ஆளில்லை. விருந்துக்குப் பிறகு சின்னதுகள் எல்லாம் கிணற்றுக்கு ஓடின. நானும் போய்ப் படியில் உட்கார்ந்து காலை நனைத்துக்கொண்டேன்.

இந்த வருஷம் கிணற்றில் நல்ல தண்ணீர். வாய்க்கால் விட்டிருக்கிறார்கள். மேல் தண்ணி வெயிலில் காய்ந்து வெதுவெதுவென்று இருக்கிறது, ஆள் மட்டத்துக்குக் கீழே ஐஸ். நம் காலத்தில் இருந்த மாதிரியேதான். மேற்குச் சுவரில் நாம் தொட்டுத் திரும்புகிற அந்தத் துருத்திய கல்லில் பாசி ஏறியிருக்கிறது. அது இவ்வளவு சின்னக் கல் என்று எனக்கு இத்தனை நாள் தெரியாது.

அண்ணனுக்கு என் அன்பு. அடுத்த கடிதத்தில் விவரமாக எழுதுகிறேன்.

சித்ரா

*

லூதியானா,
14 மார்ச் 2025

சித்ரா கண்ணு,

உன் இரண்டு கடிதமும் அடுத்தடுத்து வந்தன. நாங்கள் நலம். இங்கே இன்று ஹோலி. தெருவில் கலர்த் தண்ணீர் ஊற்றுகிறார்கள், கதவைச் சாத்திக்கொண்டு எழுதுகிறேன்.

மூணு தண்ணியைப் படித்துவிட்டுச் சிரித்தேன். உன் மாமியார் கை நல்ல கை. ஆனால் ஒன்று சொல்கிறேன், கேள். அம்மைக்குத்தான் மூணு தண்ணி. லேசருக்கு யாரும் அப்படிச் சொல்லவில்லை. டாக்டரம்மா கேட்டுவிட்டு என்று சொன்னாரே, கேட்டாயா?

கிணற்றைப் பற்றி எழுதினாயே, ராத்திரி முழுக்க அந்தக் கல்தான் ஞாபகத்தில் இருந்தது. உன் அண்ணனிடமும் படித்துக் காட்டினேன். தேருக்கு டிக்கெட் போடச் சொல்லியிருக்கிறேன்.

கண் எப்படி இருக்கிறது என்று அடுத்த கடிதத்தில் முதல் வரியிலேயே எழுது.

சுப்புலட்சுமி

*

மங்கலம்,
3 ஏப்ரல் 2025

அன்புள்ள நங்கையாவுக்கு,

பதில் எழுதத் தாமதமாகிவிட்டது. நீங்கள் போன் செய்ததாக நித்யஸ்ரீ சொன்னாள். தூங்கிக்கொண்டிருந்தேன்.

வலது கண் கொஞ்சம் சிவந்திருக்கிறது. வெளிச்சம் பார்த்தால் குத்துகிறது. டாக்டரம்மா சொட்டு மருந்து கொடுத்தார், கேட்கவில்லை. வேறு மாற்றிக் கொடுத்தார். தண்ணீர் ஏதும் பட்டதா என்று கேட்டார். குளிக்கும்போது சோப்பு நுரை பட்டது என்று சொன்னேன்.

கம்பெனியில் செக்கிங் மேசை விளக்கை என்னால் பார்க்க முடியவில்லை. மயிலாளை என் மேசையில் உட்காரவைத்திருக்கிறார்கள். நான் லீவில் இருக்கிறேன்.

இங்கே அத்தைதான் சரியாக இல்லை. எங்கள் சின்ன மாமியார் கண்ணம்மாள் பார்க்க வந்திருந்தார். வேப்பிலைத் தண்ணி ஊத்தி மருமகள் கண்ணைக் கெடுத்துப்போட்டே என்று முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார். அத்தை எழுந்து உள்ளே போய்விட்டார். அன்றிலிருந்து அவர் தன் தலைக்குத் தண்ணி ஊற்றிக்கொள்வதில்லை. எண்ணெய் வைப்பதில்லை. தன் தண்ணிக்கு ராசி இல்லையாம்.

சரியாகிவிடும். தேருக்கு நீங்கள் அவசியம் வர வேண்டும் என்றில்லை. டிக்கெட் கிடைக்காவிட்டால் பரவாயில்லை.

சித்ரா

*

லூதியானா,
10 ஏப்ரல் 2025

சித்ரா,

நலம் விசாரிக்கிற மனநிலையில் நான் இல்லை. உன் கடிதத்தில் எழுத்து கோட்டை விட்டு இறங்கி அடுத்த வரி மேல் ஏறியிருக்கிறது. ஒரு கிண்டல்கூட இல்லை. அதைப் பார்த்துத்தான் பயந்தேன், நீ எழுதியிருந்த விஷயத்தை அப்புறம்தான் படித்தேன்.

நீ எழுதிய பழைய கடிதங்களை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். மார்ச் ஐந்தாம் தேதி என்ன எழுதினாய்? மேல் தண்ணி வெதுவெதுப்பு, ஆள் மட்டத்துக்குக் கீழே ஐஸ். படியில் உட்கார்ந்து காலை நனைத்தவளுக்கு ஆள் மட்டத்துக்குக் கீழே எப்படியம்மா தெரிந்தது? மேற்குச் சுவர்க் கல்லுக்குப் படி இருக்கிறதா? நானும் அந்தக் கிணற்றில் வளர்ந்தவள். அந்தக் கல்லைக் கிட்டத்தில் பார்க்க வேண்டுமென்றால் நீந்திப் போய்த்தான் பார்க்க வேண்டும்.

நீ குதித்திருக்கிறாய். கண்ணைத் திறந்துகொண்டு முங்கியிருக்கிறாய். முப்பது வருஷம் தெரியாத கிணறு அன்றைக்குத்தான் தெரிந்தது, உன்னால் சும்மா இருக்க முடியவில்லை. மூன்று தண்ணியும் ஆயிற்று என்று மனசைத் தேற்றிக்கொண்டு இறங்கியிருப்பாய். உன் இடத்தில் இருந்தால் நானும் குதித்திருப்பேனோ என்னவோ. அதற்காக உன்னைத் திட்டப் போவதில்லை. முதல் தடவை படித்தபோதே எனக்கு உறைத்திருக்க வேண்டும். கிணற்று ஆசையில் நானும் பல்லைக் காட்டிக்கொண்டு படித்தேன்.

திட்டுவது வேறொன்றுக்கு. டாக்டரம்மா இத்தனை நாளாகச் சோப்பு நுரைக்கு மருந்து கொடுத்துக்கொண்டிருக்கிறார். கிணற்றுத் தண்ணீருக்குக் கொடுக்கவில்லை. வெட்கமாக இருந்தால் வீட்டில் யாரிடமும் சொல்லாதே. டாக்டரிடம் சொல். இந்தக் கடிதம் கைக்கு வந்த அன்றே போ. கண் போனால் மேசை போகும், குளம் போகும், நித்யஸ்ரீ முகமும் போகும்.

உன் மாமியாரைப் பற்றி நான் ஒன்றும் எழுதவில்லை. அது உனக்கே தெரியும்.

டிக்கெட் கிடைத்துவிட்டது. வருகிறேன்.

சுப்புலட்சுமி

*

மங்கலம்,
24 ஏப்ரல் 2025

அன்புள்ள நங்கையாவுக்கு,

நீங்களும் அண்ணனும் சுகமாக இருக்க வேண்டும். இடது கண்ணை மட்டும் வைத்துக்கொண்டு எழுதுகிறேன். பெரிய பெரிய எழுத்தாக இருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

உங்கள் கடிதம் மத்தியானம் வந்தது. அவரைக் கூட்டிக்கொண்டு சாயந்திரமே கோயமுத்தூர் போய்விட்டேன். டாக்டரம்மாவிடம் சொன்னேன். அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். ஒரு வார்த்தை திட்டவில்லை, அதுதான் தாங்க முடியவில்லை. கருவிழியின் மேல் லேசாகச் சுரண்டி எடுத்துச் சோதனைக்கு அனுப்பினார். ஒரு மணி நேரத்தில் முடிவு வந்துவிட்டது. கிணறு, குட்டைத் தண்ணீரில் இருக்கிற ஒரு பூச்சியாம். கண்ணுக்குத் தெரியாத பூச்சி கண்ணுக்குள்ளேயே போய் உட்கார்ந்திருக்கிறது. லேசர் வைத்த கண்ணில் மேல்தோல் ஆறி முடிவதற்குள் போனால் சுலபமாக ஒட்டிக்கொள்ளுமாம். இன்னும் இரண்டு வாரம் விட்டிருந்தால் பார்வையைப் பற்றி ஒன்றும் சொல்ல முடியாது என்றார். மருந்து வேறு, மணிக்கொரு தடவை. மாதக்கணக்கில் ஆகும். ஆனால் காப்பாற்றிவிடலாம் என்றார்.

அவரும் நானும் பஸ்ஸில் திரும்பினோம். பல்லடம் தாண்டியதும், "எங்கம்மாகிட்ட நீயே சொல்லீரு" என்றார்.

அத்தை சமையல்கட்டில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். தலை சிக்குப் பிடித்துக் கிடந்தது. நான் பக்கத்தில் உட்கார்ந்து, "அத்தை, காதுகுத்தன்னைக்கு நான் கெணத்துல குதிச்சுப்போட்டனுங்க. அதுல வந்ததுங்க" என்றேன். கீரையை ஆய்ந்துகொண்டே இருந்தார். ஒரு கட்டு முடிந்து அடுத்த கட்டைப் பிரித்தார். அப்புறம்தான் கேட்டார்.

"அப்ப என்ற தண்ணி இல்லீல்ல, கண்ணு?"

"இல்லீங்க அத்தை."

எழுந்து போய்க் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டார். தண்ணீர் விழுகிற சத்தம் ரொம்ப நேரம் கேட்டது. ஈரத்தலையோடு வந்தவர் நாலு நாளைக்கு என்னோடு பேசவில்லை. கோபம் நியாயம்தானே. ஊர் அவரைப் பேசியபோது நான் வாயை மூடிக்கொண்டு படுத்திருந்தேன். பேசாமல் இருந்தாரே தவிர, மணிக்கொரு தடவை மருந்துப் புட்டியோடு வந்து நிற்பது அவர்தான். என் இமையைப் பிரித்துச் சொட்டு விட்டுவிட்டு, முகத்தைத் திருப்பிக்கொண்டு போய்விடுவார்.

நங்கையா, இனி எழுதுவது உங்களுக்கு மட்டும். வீட்டில் ஊற்றின தண்ணீரிலிருந்து வந்திருக்குமா என்று டாக்டரம்மாவைத் தனியாகக் கேட்டேன். தொட்டித் தண்ணீரிலும் அந்தப் பூச்சி இருக்கும், வந்திருக்கவே முடியாது என்று தன்னால் சொல்ல முடியாது, ஆனால் கிணற்றில் கண்ணைத் திறந்து முங்கினதுதான் பெரும்பாலும் காரணம் என்றார். அதில் பாதியை மட்டும் அத்தையிடம் சொல்லியிருக்கிறேன். மீதி என்னோடு இருக்கட்டும்.

அண்ணனிடம் பக்குவமாகச் சொல்லுங்கள்.

சித்ரா

*

லூதியானா,
1 மே 2025

சித்ரா கண்ணு,

உன் பெரிய எழுத்தைப் பார்த்து அழுதேன். அப்புறம் உன் அண்ணன் அழுதார். அப்புறம் இரண்டு பேரும் சாப்பிட்டோம். நலமாகத்தான் இருக்கிறோம்.

அந்த மீதிப் பாதியைச் சொல்லாதே. நானும் யாரிடமும் வாய் திறக்கவில்லை. தெரிந்து அந்த அம்மாவுக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை.

திங்கட்கிழமை ரயில் ஏறுகிறோம். பந்தயம் கிடையாது. தேர் பார்ப்போம், பொரி வாங்குவோம், திரும்பி வந்து உன் கட்டில் பக்கத்தில் உட்கார்ந்து நான் பேசுவேன், நீ கண்ணை மூடிக்கொண்டு கேட்க வேண்டும். தேரையும் கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு தூரத்தில் நின்றுதான் பார்க்க வேண்டும், தூசி பறக்கும்.

வரும்போது உனக்கு ஒரு சாமான் கொண்டுவருகிறேன். என்னவென்று கேட்காதே.

சுப்புலட்சுமி

*

மங்கலம்,
4 ஆகஸ்ட் 2025

அன்புள்ள நங்கையாவுக்கு,

எல்லோரும் நலம். அங்கே மழை பிடித்துக்கொண்டது என்று அண்ணன் சொன்னார், ஜாக்கிரதையாக இருங்கள். நீங்கள் வந்து போனதிலிருந்து போனிலேயே பேசிக்கொண்டிருக்கிறோம். ஆனால் இதை எழுதத்தான் வேண்டும் என்று தோன்றியது.

போன வாரம் டாக்டரம்மா மருந்தை நிறுத்திவிட்டார். கண் ஆறிவிட்டது. முழுசாக இல்லை. வலது கண்ணில் ஓர் ஓரத்தில் லேசான புகை மாதிரி ஒரு தழும்பு நின்றுவிட்டது. அது போகாதாம். போனில் எல்லாம் சரியாகிவிட்டது என்று உங்களிடம் சொன்னேனே, அது வடைக் கணக்கு. ஆனால் செக்கிங் மேசைக்குத் திரும்பிவிட்டேன். துணியைக் கொஞ்சம் இடப்பக்கம் இழுத்து வைத்துக்கொண்டால் ஓட்டை தப்புவதில்லை. மயிலாள் தானே எழுந்து இடத்தைக் கொடுத்துவிட்டாள்.

நீந்தலாமா என்று கேட்டேன். இந்தத் தடவை ஒழுங்காகக் கேட்டேன். கிணறு, வாய்க்கால் பக்கம் இனி நினைப்பே வேண்டாம் என்றார். மருந்து போட்ட குளத்தில், இறுக்கமான நீச்சல் கண்ணாடி போட்டுக்கொண்டு இறங்கலாம், தண்ணீருக்குள் அதைக் கழற்றவே கூடாது, கரையேறியதும் நல்ல தண்ணீரில் கண்ணை மூடிக்கொண்டு குளித்துவிட வேண்டும் என்றார். நீங்கள் கொண்டுவந்து கொடுத்த சாமானைக் காட்டினேன். ரப்பரை இழுத்துப் பார்த்து, இது போதும் என்றார். கண்ணாடியைக் கழற்றத்தானே இத்தனை பாடு. கடைசியில் கண்ணாடி போட்டுக்கொண்டுதான் இறங்க வேண்டியிருக்கிறது.

நேற்று ஆடிப் பதினெட்டு, ஞாயிற்றுக்கிழமை. போகிறேன் என்று அத்தையிடம் சொன்னேன். நானும் வருகிறேன் என்று கிளம்பிவிட்டார். குளத்தின் ஓரத்தில் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு உட்கார்ந்தார். "அத மாட்டுனியா? இறுக்கி மாட்டு" என்று இரண்டு தடவை சொன்னார். பக்கத்தில் நீந்த வந்த பெண்கள் சிரித்தார்கள். நானும் சிரித்துக்கொண்டே ரப்பரை இன்னொரு தடவை இழுத்துப் பார்த்துவிட்டு இறங்கினேன்.

தலையை முக்கினேன். நங்கையா, குளத்தின் அடியில் நீலக் கட்டம் கட்டமாகக் கல் பதித்திருக்கிறார்கள். இத்தனை நாள் அதன் மேல் நீந்தியிருக்கிறேன், அது கல் என்றே தெரியாது. எதிர்ச்சுவர் தெரிந்தது. போய்த் தொட்டேன். முட்டிக்கொள்ளவில்லை. திரும்பி வரும்போது கரையில் இரண்டு கால் தண்ணீருக்குள் தொங்கிக்கொண்டிருந்தது தெரிந்தது. பித்தவெடிப்பு, கோணல் சுண்டுவிரல் எல்லாம் துல்லியமாக. அந்தக் காலைப் பார்த்துக்கொண்டே நீந்தி வந்தேன்.

வீட்டுக்கு வந்ததும் அத்தை என்னைப் பின்வாசலில் அண்ணாந்து உட்காரவைத்தார். குளத்து மருந்து போக நல்ல தண்ணீர் ஊற்ற வேண்டும் என்று டாக்டரம்மா சொன்னது அவருக்கு ஞாபகம் இருந்தது. நெற்றியில் கையை அணையாகக் கொடுத்தார்.

"இது நாலாந் தண்ணி. கண்ண மூடிக்க, கண்ணு."

வேப்பிலை இல்லை, மஞ்சள் இல்லை. ஆனால் தண்ணீரில் ஒரு பாத்திர வாசம் வந்தது. ஊற்றி முடித்ததும் பார்த்தேன். இட்லிப் பானையில் கொதிக்கவைத்து, ஆறவைத்து, வெள்ளைத் துணியால் வேடுகட்டி வைத்திருந்த தண்ணீர். விடியற்காலையிலேயே செய்திருக்கிறார். தொட்டித் தண்ணீர் பக்கத்திலேயே குழாயில் வந்துகொண்டிருந்தது.

"எதுக்குங்க அத்தை காய்ச்சுனீங்க?"

"சும்மாதான் கண்ணு" என்று சொல்லிவிட்டு என் தலையைத் துவட்ட ஆரம்பித்தார்.

அந்த மீதிப் பாதி அவருக்குத் தெரியும், நங்கையா. எப்போதிருந்து தெரியும், யார் சொன்னார்கள் என்று நான் கேட்கவில்லை. அவரும் சொல்லவில்லை. துவட்டி முடிக்கும்வரை கண்ணை மூடிக்கொண்டே இருந்தேன்.

அடுத்த தேருக்குப் பந்தயம் உண்டு. ஒன்று சொல்லிவிடுகிறேன், இப்போது நான் வேகமாக நீந்துகிறேன்.

உங்கள்,
சித்ரா